வீட்டுக் கடன்: மாதத் தவணையை மட்டும் பார்த்தால் போதுமா?



நம் குழுக் கூட்டத்தில் சந்தாவில் பத்து ரூபாய் குறைந்தால்கூட அரை மணி நேரம் பேசுவோம். பதிவேட்டைப் புரட்டி, கூட்டிக் கழித்து, யார் பேரில் எவ்வளவு நிற்குது என்று பார்க்காமல் எழுந்திருக்க மாட்டோம். ஆனால் பத்து லட்சம் ரூபாய் வீட்டுக் கடன் வாங்கப் போகும்போது என்ன செய்கிறோம்? அதிகாரி காட்டிய இடத்தில் எல்லாம் கையெழுத்துப் போட்டுவிட்டு வருகிறோம். நாம் கேட்டுத் தெரிந்துகொள்வது ஒன்றே ஒன்றுதான்: "மாசம் எவ்வளவு கட்டணும்?"

மூலக்குளத்தில் நடந்த கூட்டத்தில் ஒரு சகோதரி தன் வங்கிக் கணக்குத் தாளை எடுத்து நீட்டினார். "பத்து லட்சம் வாங்கினோம். ஏழு வருஷமா ஒரு மாசம்கூட தவறாம கட்டிக்கிட்டு வரேன். ஏழரை லட்சத்துக்கு மேல கட்டியாச்சு. இன்னும் எட்டு லட்சத்துக்கு மேல பாக்கின்னு சொல்றாங்க. என்னை ஏமாத்துறாங்களா அக்கா?" என்று கேட்டார். கூட்டத்தில் யாருக்கும் பதில் தெரியவில்லை.

அன்றே உட்கார்ந்து கணக்குப் போட்டுப் பார்த்தோம். யாரும் ஏமாற்றவில்லை. வங்கியின் கணக்கு சரிதான். ஆனால் அந்தக் கணக்கைக் கையெழுத்துப் போடும் முன்னே அவருக்கு யாரும் சொல்லவில்லை. அதை எல்லோருக்கும் சொல்லிவிட வேண்டும் என்றுதான் இந்தக் கட்டுரையை எழுதுகிறோம்.

முக்கால் வட்டிதானே, எப்படி இரண்டு மடங்கு ஆகிறது?

ஊரில் நாம் வட்டியை மாதக் கணக்கில் பேசுகிறோம். "ரெண்டு வட்டி" என்றால் நூறு ரூபாய்க்கு மாதம் 2 ரூபாய். ஆண்டுக்கு 24 சதவீதம். வங்கி ஆண்டுக் கணக்கில் பேசும். வீட்டுக் கடனுக்கு 9 சதவீதம் என்றால் நூறு ரூபாய்க்கு மாதம் 75 பைசா. அதாவது முக்கால் வட்டி. இது குறைந்த வட்டிதான், சந்தேகமே இல்லை.

இப்போது நம் உள்கடனோடு ஒப்பிட்டுப் பார்ப்போம். குழுவில் ஒரு உறுப்பினர் 10,000 ரூபாயை ரெண்டு வட்டிக்கு எடுக்கிறார். மாதம் 1,000 ரூபாய் அசலும், மீதி அசலுக்கு வட்டியுமாகப் பத்து மாதத்தில் கட்டி முடிக்கிறார். மொத்த வட்டி 1,100 ரூபாய். வாங்கிய ஒரு ரூபாய்க்கு 11 காசு வட்டி.

அதே உறுப்பினர் 10 லட்சத்தை முக்கால் வட்டிக்கு வங்கியில் 20 வருடத்துக்கு வாங்குகிறார். மொத்த வட்டி சுமார் 11 லட்சத்து 59 ஆயிரம். வாங்கிய ஒரு ரூபாய்க்கு 1 ரூபாய் 16 காசு வட்டி.

வட்டி குறைவு. ஆனால் கட்டிய வட்டியோ மிக அதிகம். காரணம் காலம். உள்கடன் 10 மாதத்தில் முடிந்துவிட்டது. வீட்டுக் கடன் 240 மாதம் நம் தலைமேல் நிற்கிறது. இதை வைத்து ரெண்டு வட்டியே மேல் என்று யாரும் நினைத்துவிட வேண்டாம். ரெண்டு வட்டிக்கு 20 வருடக் கடன் வாங்கினால் வீடு தாங்காது. நாம் சொல்ல வருவது இதுதான்: கடனின் விலை வட்டியில் பாதி, வருடத்தில் பாதி.

தவணைக்குள் என்ன இருக்கிறது?

கணக்கு எளிதாக இருக்க, கடன் 10 லட்சம், காலம் 20 வருடம், வட்டி கடைசிவரை மாறாமல் 9 சதவீதம் என்று வைத்துக்கொள்வோம். மாதத் தவணை 8,997 ரூபாய் வரும்.

முதல் மாதம் 10 லட்சத்துக்கு முக்கால் வட்டி 7,500 ரூபாய். நாம் கட்டும் 8,997 ரூபாயில் முதலில் இந்த வட்டியை எடுத்துக்கொள்வார்கள். மீதி 1,497 ரூபாய்தான் அசலில் கழியும். அடுத்த மாதம் 9,98,503 ரூபாய்க்கு வட்டி. இப்படியே மெதுமெதுவாக வட்டி குறையும், அசலுக்குப் போகும் பங்கு கூடும். நம் உள்கடனிலும் குறையும் அசலுக்குத்தான் வட்டி. முறை ஒன்றுதான். ஆனால் இங்கே தவணை சிறியது, அசல் பெரியது. அதனால் முதல் பல வருடங்கள் நாம் கட்டுவதில் பெரும்பகுதி வட்டிக்கே போகிறது.

வருடம் வருடமாகப் பாருங்கள்:

5 வருடம் முடிந்தபோது: கட்டியது 5,39,800. அசல் பாக்கி 8,87,000.
7 வருடம் முடிந்தபோது: கட்டியது 7,55,800. அசல் பாக்கி 8,25,700.
10 வருடம் முடிந்தபோது: கட்டியது 10,79,700. அசல் பாக்கி 7,10,300.
20 வருடம் முடிந்தபோது: கட்டியது 21,59,300. பாக்கி இல்லை.

மூலக்குளம் சகோதரியின் கேள்விக்கு இரண்டாவது வரியில் பதில் இருக்கிறது. பத்தாம் வருடம் வாங்கிய பணத்தைவிட அதிகமாகவே கட்டியிருப்போம், ஆனாலும் 7 லட்சம் பாக்கி நிற்கும். தவணையில் பாதிக்கு மேல் அசலுக்குப் போக ஆரம்பிப்பதே 12 வருடம் தாண்டிய பிறகுதான்.

"தவணையைக் குறைச்சுத் தரேன்" என்றால்

தவணை அதிகமாக இருக்கிறது என்று நாம் தயங்கினால், "வருஷத்தைக் கூட்டிக்கலாம்மா, தவணை குறையும்" என்பார்கள். எவ்வளவு குறையும், எவ்வளவு கூடும்? அதே 10 லட்சம், அதே 9 சதவீதம்:

10 வருடம்: தவணை 12,668. மொத்த வட்டி 5,20,000.
15 வருடம்: தவணை 10,143. மொத்த வட்டி 8,26,000.
20 வருடம்: தவணை 8,997. மொத்த வட்டி 11,59,000.
30 வருடம்: தவணை 8,046. மொத்த வட்டி 18,97,000.

20 வருடத்தை 30 ஆக்கினால் மாதம் 951 ரூபாய் குறைகிறது. அதற்கு நாம் கொடுக்கும் விலை 7 லட்சத்து 37 ஆயிரம். 20 வருடத்தை 15 ஆக்கினால் மாதம் 1,146 ரூபாய் கூடுதல். மிச்சமாவது 3 லட்சத்து 33 ஆயிரம்.

அதற்காக எல்லோரும் குறைந்த வருடத்துக்கே வாங்க வேண்டும் என்று சொல்லவில்லை. கூலி வேலை, கட்டட வேலை, சீசன் வியாபாரம் என்று வருமானம் ஏறி இறங்கும் குடும்பத்தில் பெரிய தவணை ஆபத்து. மூன்று மாதம் தவணை நின்றால் அதை வாராக்கடன் என்று எழுதிவிடுவார்கள். அதற்குப் பிறகு 2002ஆம் ஆண்டின் சர்பாசி சட்டப்படி 60 நாள் நோட்டீஸ் கொடுத்து, கோர்ட்டில் வழக்குப் போடாமலேயே வீட்டை எடுக்க நடவடிக்கை தொடங்க முடியும். ஆகவே தாங்கக்கூடிய தவணைக்கே வாங்குங்கள். கையில் பணம் கிடைக்கும்போது கூடுதலாகக் கட்டி, வருடத்தை நாமே குறைத்துக்கொள்ளலாம். அந்த வழியைக் கீழே சொல்கிறோம்.

வட்டி ஏறினால் என்ன ஆகும்? 2022இல் நடந்தது

இப்போது வீட்டுக் கடன் பெரும்பாலும் மாறும் வட்டியில்தான் தரப்படுகிறது. 2019 அக்டோபர் முதல் வங்கிகள் தரும் புதிய மாறும் வட்டி வீட்டுக் கடன்கள் வெளி அளவுகோலோடு இணைக்கப்பட்டன. பெரும்பாலும் அது ரிசர்வ் வங்கியின் ரெப்போ வட்டி. ரெப்போ ஏறினால் நம் வட்டியும் ஏறும். இறங்கினால் இறங்கும்.

கொரோனா காலத்தில் ரெப்போ 4 சதவீதமாக இருந்தது. 2022 மே மாதம் ஏற ஆரம்பித்து 2023 பிப்ரவரியில் 6.50 ஆனது. பத்து மாதத்துக்குள் இரண்டரை சதவீதம் கூடிவிட்டது. ஆனால் பல பேருக்குத் தவணை மாறவே இல்லை. "நமக்கு ஒண்ணும் ஏறலை" என்று நிம்மதியாக இருந்தார்கள். உண்மையில் அவர்களுக்குத் தெரியாமல் வருடம் ஏறிக்கொண்டிருந்தது.

ஒரு உதாரணம். 10 லட்சம், 7 சதவீதம், 20 வருடம். தவணை 7,753. இரண்டு வருடம் கட்டிய பிறகு பாக்கி சுமார் 9,50,700. இன்னும் 216 தவணை இருக்க வேண்டும். அப்போது வட்டி 9.5 ஆகிறது. அந்தப் பாக்கிக்கு ஒரு மாத வட்டியே 7,526 ரூபாய். பழைய தவணையையே கட்டினால் அசலில் கழிவது மாதம் 227 ரூபாய்தான். 216 மாதத்தில் முடிய வேண்டிய கடன் 448 மாதம் இழுக்கும். பதினெட்டு வருடம் முப்பத்தேழு வருடமாகிவிடும். நாற்பது வயதில் வாங்கியவர் எண்பது வயதை நெருங்கும்வரை கட்ட வேண்டும்! பழைய காலத்திலேயே முடிக்க வேண்டுமானால் தவணையை 9,202 ஆக உயர்த்த வேண்டும்.

இப்படிச் சொல்லாமல் காலத்தை நீட்டுகிறார்கள் என்ற புகார்கள் வந்த பிறகு, 2023 ஆகஸ்ட் 18 அன்று ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை விட்டது. அதன்படி வட்டி மாறினால் தவணையும் காலமும் என்ன ஆகும் என்பதை நமக்குத் தெரிவிக்க வேண்டும். தவணையைக் கூட்டுவதா, காலத்தைக் கூட்டுவதா, இரண்டும் கொஞ்சம் கொஞ்சமா என்று தேர்வு செய்யும் உரிமை நமக்கு உண்டு. மூன்று மாதத்துக்கு ஒரு முறை கணக்குத் தாள் தர வேண்டும். அதில் இதுவரை போன அசல், வட்டி, இப்போதைய தவணை, மீதித் தவணைகள் எத்தனை என்று இருக்க வேண்டும்.

2025ஆம் ஆண்டில் ரெப்போ நான்கு முறை குறைந்து டிசம்பரில் 5.25 ஆனது. உங்கள் கடனில் வட்டி குறைந்ததா, மீதித் தவணைகள் குறைந்தனவா என்று கிளையில் கேளுங்கள். பழைய முறை வட்டியில் இருக்கும் கடன்களுக்கு இந்தக் குறைப்பு முழுதாக வந்து சேராமல் இருக்கலாம். ரெப்போ முறைக்கு மாற முடியுமா, எவ்வளவு கட்டணம் என்றும் விசாரியுங்கள்.

தள்ளிவைத்த ஆறு மாதம்

2020இல் ஊரடங்கு வந்தபோது, மார்ச் முதல் ஆகஸ்ட் வரை ஆறு மாதம் தவணையைத் தள்ளிவைக்க ரிசர்வ் வங்கி அனுமதி கொடுத்தது. அப்போது வேலை இல்லை, கையில் காசு இல்லை. தள்ளிவைத்ததில் தப்பே இல்லை. ஆனால் "ஆறு மாசம் தள்ளுபடி" என்று பல சகோதரிகள் நினைத்துக்கொண்டார்கள். அது தள்ளுபடி அல்ல. அந்த ஆறு மாத வட்டியும் கடனில் சேர்ந்தது.

நம் உதாரணக் கடனில் முதல் வருடம் முடிந்ததும் ஆறு மாதம் நிறுத்தி, பிறகு அதே தவணையைக் கட்டினால், கடைசியில் சுமார் 30 தவணை கூடுதலாக வரும். நிறுத்தியது ஆறு, கூடியது முப்பது. முதல் வருடங்களில் பாக்கி பெரிதாக இருப்பதால்தான் இப்படி ஆகிறது. இனி எப்போது "தள்ளிவெச்சுக்கலாம்" என்று யார் சொன்னாலும், "கடைசியில எத்தனை தவணை கூடும்?" என்று கேட்டுவிட்டு முடிவு செய்யுங்கள்.

கண்ணில் படாத செலவுகள்

காப்பீடு: கடனோடு சேர்த்து ஆயுள் காப்பீடு போடுவார்கள். குடும்பத்தில் சம்பாதிப்பவர் இறந்துபோனால் கடன் அடைபடும், நல்ல விஷயம்தான். ஆனால் பிரீமியம் 40,000 ரூபாயை ரொக்கமாக வாங்காமல் கடனிலேயே சேர்த்துவிட்டால், 20 வருடத்தில் அதற்காக நாம் கட்டுவது 86,000க்கு மேல். முடிந்தவரை பிரீமியத்தைத் தனியாகக் கட்டுங்கள். வேறு இடத்தில் எவ்வளவு ஆகும் என்று ஒரு முறை விசாரியுங்கள்.

கட்டும் காலத்து வட்டி: வீடு கட்டக் கடன் வாங்கினால் அஸ்திவாரம், லிண்டல், ரூஃப் என்று கட்டம் கட்டமாகப் பணம் விடுவார்கள். முழுப் பணமும் வரும்வரை பெரும்பாலும் வட்டி மட்டும் கட்டுவோம். 6 லட்சம் வாங்கியிருந்தால் மாதம் 4,500 ரூபாய். இதில் அசல் ஒரு ரூபாய்கூடக் கழியாது. மேஸ்திரி வரவில்லை, மணல் வரவில்லை, மழை என்று வேலை ஆறு மாதம் நின்றால் 27,000 ரூபாய் சும்மா போகும். மேஸ்திரியிடம் நாள் பேசிக்கொண்டு கடனுக்குப் போங்கள்.

பிளாட் வட்டி: சில இடங்களில் "12 பர்சன்ட்தான்" என்பார்கள். அசல் குறையக் குறைய வட்டி குறையுமா, இல்லை முதலில் வாங்கிய முழுத் தொகைக்கே கடைசிவரை வட்டியா என்று கேளுங்கள். முழுத் தொகைக்கே என்றால் அது பிளாட் வட்டி. ஒரு லட்சத்தை 5 வருடத்துக்கு 12 சதவீத பிளாட் வட்டிக்கு வாங்கினால், நம் குழு முறைப்படி அது சுமார் 20 சதவீதம்.

இவை தவிர பரிசீலனைக் கட்டணம், வக்கீல் கருத்து, மதிப்பீட்டாளர் கட்டணம், பத்திரம் ஒப்படைப்பதற்கான பதிவுச் செலவு, வில்லங்கச் சான்று என்று வரிசையாக இருக்கிறது. எல்லாவற்றையும் ஒரு தாளில் எழுதிக் கூட்டுங்கள்.

கடனை நாமே எப்படிச் சுருக்குவது?

மாறும் வட்டி வீட்டுக் கடனைத் தனிநபர்கள் முன்கூட்டிக் கட்டினால் அபராதம் வாங்கக் கூடாது என்று ரிசர்வ் வங்கி 2012இல் வங்கிகளுக்கு உத்தரவிட்டது. இந்த உரிமையை நம்மில் பலர் பயன்படுத்துவதே இல்லை.

நம் உதாரணக் கடனில் முதல் மாதத்திலிருந்து 1,000 ரூபாய் கூடுதலாகக் கட்டினால், 20 வருடக் கடன் பதினைந்தரை வருடத்தில் முடியும். மிச்சம் 3 லட்சம். மாதம் 1,000 முடியாதவர்கள் அறுவடைப் பணம், போனஸ், கன்று விற்ற பணம் என்று வருடத்துக்கு ஒரு முறை கட்டலாம்.

எப்போது கட்டுகிறோம் என்பதும் முக்கியம். முதல் வருடம் முடிந்ததும் 50,000 ரூபாய் சேர்த்துக் கட்டினால், அந்தப் பணம் போக சுமார் 1,98,000 மிச்சம். அதே 50,000 ரூபாயைப் பதினைந்தாம் வருடம் முடிந்ததும் கட்டினால் மிச்சம் 26,000தான். பயிருக்கு ஆரம்பத்தில் பாய்ச்சும் தண்ணீர் போலத்தான் இதுவும். காலத்தில் கட்ட வேண்டும்.

மூன்று எச்சரிக்கைகள்:

1. கூடுதல் பணம் கட்டும்போது "இதை அசலில் கழித்து, தவணைக் காலத்தைக் குறைக்கவும்" என்று எழுதிக் கொடுங்கள். ரசீது வாங்குங்கள்.

2. ரெண்டு வட்டிக்கு வாங்கி முக்கால் வட்டிக் கடனை அடைக்காதீர்கள். மைக்ரோ பைனான்ஸ் கடனோ கைமாற்றுக் கடனோ அதிக வட்டியில் இருந்தால் முதலில் அதை முடியுங்கள்.

3. ஆஸ்பத்திரி செலவுக்கென்று வைத்திருக்கும் பணத்தைத் தொடாதீர்கள். வங்கியில் கட்டிய பணம் அவசரத்துக்குத் திரும்ப வராது.

கையெழுத்துக்கு முன்

2024 அக்டோபர் 1 முதல் ஒவ்வொரு சில்லறைக் கடனுக்கும் முக்கிய விவரத் தாள் ஒன்றைக் கடன் தருபவர் நமக்குத் தர வேண்டும். கே.எஃப்.எஸ். என்று கேட்டால் தெரியும். நமக்குப் புரியும் மொழியில் அது இருக்க வேண்டும். கட்டணங்கள், காப்பீடு எல்லாம் சேர்த்து ஆண்டுக்கு உண்மையில் எத்தனை சதவீதம் ஆகிறது, ஒவ்வொரு தவணையிலும் அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு என்பதெல்லாம் அதில் இருக்கும். அந்தத் தாளில் இல்லாத கட்டணத்தை நம் சம்மதம் இல்லாமல் வாங்க முடியாது. யோசிக்கக் குறைந்தது மூன்று வேலை நாள் நமக்கு உண்டு. அந்த மூன்று நாளில் தாளைக் குழுவுக்குக் கொண்டுவாருங்கள். பத்துப் பேர் பார்த்தால் ஒருவர் கண்ணில் படாதது இன்னொருவர் கண்ணில் படும்.

இன்னொன்றையும் பாருங்கள், சகோதரிகளே. கடனில் இணைக் கடன்தாரர் என்று நம்மிடம் கையெழுத்து வாங்குகிறார்கள். அப்படிப் போட்டால் முழுக் கடனுக்கும் நாமும் பொறுப்பு. ஆனால் பத்திரத்தில் நம் பெயர் இருக்கிறதா? கடன் மட்டும் இரண்டு பேர் பேரில், வீடு ஒருவர் பேரில் என்றால் அது என்ன நியாயம்? மனை வாங்கும்போதே பேசுங்கள். பிறகு பேசுவது கஷ்டம்.

கடன் முடிந்ததும் சும்மா இருந்துவிடக் கூடாது. முழுக் கடனும் அடைந்த 30 நாளுக்குள் மூலப் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும், வங்கியின் தவறால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் ஈடு தர வேண்டும் என்று 2023 செப்டம்பரில் ரிசர்வ் வங்கி உத்தரவிட்டது. 2023 டிசம்பர் 1 முதல் இது நடைமுறையில் உள்ளது. பத்திரத்தை வாங்கிய பிறகு வில்லங்கச் சான்று எடுத்து, அடமானம் நீங்கிவிட்டதா என்று பாருங்கள். முதலில் புகாரை வங்கியிலேயே எழுத்தில் கொடுங்கள். ஒரு மாதத்தில் தீராவிட்டால் ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரிடம் போகலாம். விவரத்துக்கு 14448 என்ற எண்ணில் கேட்கலாம்.

மூலக்குளம் சகோதரி இப்போது என்ன செய்கிறார் தெரியுமா? குழுவில் போட்ட கணக்கை எடுத்துக்கொண்டு கணவரோடு வங்கிக்குப் போனார். மாதம் 1,000 ரூபாய் கூடுதலாகக் கட்ட எழுதிக் கொடுத்துவிட்டு வந்தார். பதின்மூன்று வருடம் என்றிருந்த பாக்கிக் காலம் இப்போது பதினோரு வருடத்துக்கும் கீழே வருகிறது. "முன்னாடியே தெரிஞ்சிருந்தா..." என்று மட்டும் சொன்னார். அந்த வார்த்தையை இனி நம் குழுக்களில் யாரும் சொல்லக் கூடாது.

அடுத்த கூட்டத்தில் செய்ய வேண்டியது

- வீட்டுக் கடன் உள்ள உறுப்பினர்கள் கணக்குத் தாளைக் கொண்டுவாருங்கள். வாங்கியது, கட்டியது, பாக்கி, மீதித் தவணை ஆகிய நான்கையும் பலகையில் எழுதுங்கள்.
- மீதித் தவணை முதலில் சொன்னதைவிடக் கூடியிருந்தால், ஏன் என்று வங்கிக்கு ஒரு கடிதம் எழுதுங்கள். எழுதத் தெரிந்த உறுப்பினர் உதவட்டும்.
- புதிதாகக் கடன் வாங்கப் போகிறவர், தவணையை மாதங்களால் பெருக்கி மொத்தத் தொகையைக் கூட்டத்தில் வாய்விட்டுச் சொல்லட்டும்.

வீடு கட்டுங்கள். கடனும் வாங்குங்கள். ஆனால் நம் உள்கடன் பதிவேட்டைப் பார்க்கிற அதே கண்ணால் அந்தக் கணக்கையும் பாருங்கள்.